காரைக்கால் அம்மையார் கதை: ஊடக வரலாறு

காரைக்கால் அம்மையார் அறுபத்துமூன்று நாயன்மார்களுள் ஒருவர். இயற்பெயர் புனிதவதி. அரசலாறு கடலோடு சேரும் காரைக்காலில் வணிகர் குடியில் பிறந்தவர். ஏறத்தாழ 6-ஆம் நூற்றாண்டில் வாழ்ந்தவர் என்று ஆய்வாளர் பலர் கருதுகின்றனர். அவருடைய கதை ஓலையிலும் கல்லிலும் செம்பிலும் தெருவிழாவிலும் அச்சிலும் திரைப்படத்திலும் திரும்பத் திரும்பச் சொல்லப்பட்டு, இன்று கைப்பேசித் திரைக்கு வந்திருக்கிறது. ஒரே கதை ஊடகம் மாறும்போதெல்லாம் எதைச் சேர்த்துக்கொள்கிறது, எதைக் கைவிடுகிறது என்பதைப் பின்தொடர்ந்து பார்க்கத் தமிழில் இதைவிடத் தெளிவான சான்று கிடைப்பது அரிது.

மூலம்

கதைக்கு முன்னால் கவிஞர் இருக்கிறார். அம்மையார் பாடியவை நான்கு நூல்கள்: அற்புதத் திருவந்தாதி (101 பாடல்), திருஇரட்டை மணிமாலை (20), திருவாலங்காட்டு மூத்த திருப்பதிகங்கள் இரண்டு (11 வீதம் 22). மொத்தம் 143 பாடல்கள். இவை பதினோராம் திருமுறையில் அடங்கும். மாங்கனியைப் பற்றியோ கணவனைப் பற்றியோ இவற்றில் ஒரு சொல்லும் கிடையாது. சுடுகாடும், அங்கே எரியும் நெருப்பும், வற்றிய உடலோடு திரியும் பேய்களும், நடுவே ஆடும் இறைவனும்தான் இருக்கிறார்கள். தம்மைக் ‘காரைக்கால் பேய்’ என்றே அவர் சொல்லிக்கொள்கிறார். ஒரு பெண் தன்னைத் தானே இப்படி அறிவித்துக்கொண்ட துணிவுக்கு ஈடாகச் சொல்ல, நம் இலக்கியத்தில் அதிகம் இல்லை.

அவருக்குப் பின் வந்த சுந்தரர், திருத்தொண்டத்தொகையில் ‘பேயார்’ என்ற ஒரே பெயரால் அவரைக் குறித்தார். நம்பியாண்டார் நம்பி ஒரு பாடல் கொடுத்தார். கயிலையைக் காலால் மிதிக்க அஞ்சித் தலையால் நடந்ததும், இறைவன் ‘அம்மை’ என்று அழைத்ததும் அதில் உண்டு. மாம்பழம் அப்போதும் வரவில்லை.

சேக்கிழார் செய்த மாற்றம்

12-ஆம் நூற்றாண்டில், இரண்டாம் குலோத்துங்கன் காலத்தில் பெரியபுராணம் பாடிய சேக்கிழார் அந்த ஒற்றைப் பாடலை 66 பாடல்களாக விரித்தார். இன்று நாம் அறிந்திருக்கும் கதை இதுதான். நாகப்பட்டினத்து வணிகர் மகன் பரமதத்தன், புனிதவதியை மணந்து காரைக்காலிலேயே குடியமர்கிறான். கடைக்கு வந்த இரண்டு மாங்கனிகளை வீட்டுக்கு அனுப்புகிறான். பசியோடு வந்த சிவனடியாருக்கு அவள் ஒன்றைச் சோற்றோடு படைத்துவிடுகிறாள். மதியம் ஒன்றை உண்ட கணவன் மற்றதையும் கேட்க, அவள் இறைவனை வேண்டுகிறாள். கையில் ஒரு கனி வந்து நிற்கிறது. அதன் சுவை வேறாக இருப்பதை அவன் கண்டுபிடித்துவிடுகிறான். இன்னொன்று வரவழைத்துக் காட்டச் சொல்கிறான். வந்த கனி அவன் கையில் மறைந்துபோகிறது. மனைவியைத் தெய்வமென்று அஞ்சியவன் கப்பலேறிப் போய்ப் பாண்டி நாட்டில் வேறொருத்தியை மணக்கிறான்; பிறந்த மகளுக்குப் புனிதவதி என்றே பெயர் வைக்கிறான். தேடி வந்த முதல் மனைவியின் காலில் குடும்பத்தோடு விழுகிறான். அவனுக்காகத் தாங்கிய அழகு இனி வேண்டாம் என்று அவள் பேய் வடிவம் வேண்டிப் பெறுகிறாள்.

சேக்கிழார் சேர்த்தவற்றில் கடற்கரை வாழ்வின் நுட்பம் நிறைய இருக்கிறது. கப்பல் வாணிகமும் கடைத்தெருவும் மகளுக்கு வீடும் செல்வமும் கொடுத்து ஊரோடு வைத்துக்கொள்ளும் தந்தையும் அதில் வருகிறார்கள். சுடுகாட்டுக் கவிஞருக்கு ஒரு வீட்டையும் அடுக்களையையும் கொடுத்ததுதான் அவர் செய்த பெரிய தழுவல். மாங்கனி அந்த அடுக்களையில்தான் வருகிறது.

கல்லும் செம்பும்

சிற்பிகள் வீட்டைத் தேடிப் போகவில்லை, பேயையே பிடித்துக்கொண்டார்கள். கங்கைகொண்ட சோழபுரத்தில் ஆடும் இறைவன் காலடியில் அம்மையார் அமர்ந்து தாளமிடுகிறார். கம்போடியாவில் 967-இல் குடமுழுக்குக் கண்ட பந்தியாய் ஸ்ரீ கோயிலிலும் நடனச் சிவன் அருகே எலும்பும் தோலுமான ஒரு பெண் உருவம் உண்டு. அதை அம்மையார் என்றே அடையாளம் காண்கின்றனர். அப்படியானால், சேக்கிழார் பாடுவதற்கு ஏறத்தாழ இருநூறு ஆண்டுகளுக்கு முன்பே காரைக்கால் பேய் கடல் கடந்துவிட்டது. சோழர் காலச் செப்புத் திருமேனிகள் நியூயார்க் மெட்ரோபாலிட்டன் அருங்காட்சியகத்திலும் அமெரிக்காவின் கேன்சஸ் சிட்டியில் உள்ள நெல்சன்-அட்கின்ஸ் அருங்காட்சியகத்திலும் உள்ளன. நியூயார்க் திருமேனி சிறியது. விலா எலும்புகள் ஒவ்வொன்றாகத் தெரிகின்றன, மார்பு வற்றியிருக்கிறது, கையில் தாளம், வாயில் சிரிப்பு. அந்தச் சிரிப்பைக் கண்டவருக்கு 143 பாடல்களின் தொனி உடனே பிடிபட்டுவிடும்.

தெருவே மேடை

காரைக்காலில் ஆனிப் பௌர்ணமியை ஒட்டி நடக்கும் மாங்கனித் திருவிழா, சேக்கிழாரின் கதையை நாள்வாரியாக ஊரே நடிப்பது. மாப்பிள்ளை அழைப்பு, திருக்கல்யாணம், பிச்சாண்டவர் வீதியுலா, அமுது படையல், பரமதத்தனின் இரண்டாம் திருமணம், கடைசியில் அம்மையாருக்கு இறைவன் காட்சி கொடுத்தல் என்று வரிசை. பவழக்கால் சப்பரத்தில் பிச்சாண்டவர் வரும்போது, நேர்ந்துகொண்டவர்கள் வீட்டு மாடிகளிலிருந்து மாம்பழங்களை வீசுகிறார்கள். குழந்தை வேண்டுவோர் அதைப் பிடிக்கக் கீழே முந்தானையை விரித்து நிற்கிறார்கள். 1739 முதல் பிரெஞ்சு ஆட்சியில் இருந்து 1954-இல் இந்தியாவோடு சேர்ந்த ஊர் இது. சுற்றிலும் தமிழ்நாடு, நடுவே புதுச்சேரியைச் சேர்ந்த ஒரு துண்டு. ஆட்சி மாறினாலும் ஊருக்கு முகவரியாக இருப்பது இந்த விழாதான்.

அச்சும் திரையும்

ஆறுமுக நாவலர் 1852-இல் பெரியபுராணத்தை வசனமாக்கி அச்சிட்டபின், செய்யுள் படிக்காதவர்களுக்கும் கதை எட்டியது. 1956-இல் காரவேலன் பதிப்பித்துப் பிரெஞ்சில் மொழிபெயர்த்த அம்மையார் பாடல்கள், ழான் ஃபில்லியோசாவின் முன்னுரையோடு, புதுச்சேரி பிரெஞ்சு நிறுவனத்தின் முதல் வெளியீடாக வந்தன. ஆட்சி வெளியேறிய இரண்டு ஆண்டுகளில் பிரெஞ்சு மொழி இந்த ஊரின் கவிஞரைத் தேடி எடுத்தது கவனிக்கத் தக்கது.

திரையில் இரண்டு முறை வந்தது: 1943-இலும் 1973-இலும். இரண்டாவதே நினைவில் நிற்பது. ஏ.பி. நாகராஜன் இயக்கினார், குன்னக்குடி வைத்தியநாதன் இசை. இளம் புனிதவதியாக லட்சுமி, பரமதத்தனாக ஆர். முத்துராமன், அம்மையாராகக் கே.பி. சுந்தராம்பாள். உருவம் மாறுவதைப் படம் நடிகை மாறுவதாகச் சொல்லிவிட்டது. செம்பில் எலும்பாய் இருந்தவருக்குத் திரை, வற்றிய உடலைக் கொடுக்கவில்லை. ஊரறிந்த ஒரு வெண்கலக் குரலைக் கொடுத்தது. பக்திப் படத்துக்கு அது போதுமானதாக இருந்தது என்றாலும், பேய் என்ற சொல்லின் அச்சம் அங்கே அடங்கிப்போனது. தமிழ்நாட்டின் பெரும்பாலோர் மனத்தில் அம்மையாரின் முகம் இன்றும் சுந்தராம்பாளின் முகம்தான்.

எண்ணிம ஊடகம்

இதுவரை சொன்னவை ஒன்றன்பின் ஒன்றாக வந்தவை. ஒவ்வொன்றுக்கும் தனி இடமும் தனிக் காலமும் இருந்தன. எண்ணிம ஊடகத்தில் அவை ஒரே திரையில் சேர்ந்தன. 1998-இல் பொங்கலன்று தொடங்கிய மதுரைத் திட்டம் பழந்தமிழ் நூல்களைத் தன்னார்வலர்கள் தட்டெழுதி இலவசமாகத் தரத் தொடங்கியது. காரைக்காலுக்கு அருகே மயிலாடுதுறையிலுள்ள தருமபுரம் ஆதீனம் பன்னிரு திருமுறைகளையும் உரையோடு இணையத்தில் ஏற்றியது. 2017-இல் மெட்ரோபாலிட்டன் அருங்காட்சியகம், பதிப்புரிமை இல்லாத தன் படங்களை எவரும் பயன்படுத்தலாம் என்று திறந்துவிட்டது. அதற்குச் சற்று முன்னர்தான், 2016 இறுதியில், இந்தியாவில் கைப்பேசி இணையத்தின் விலை சடாரென்று சரிந்திருந்தது. 1973 படத்தின் பாடல்கள் யூடியூபில் கிடைக்கின்றன. 2020-இல் கொரோனாவால் திருவிழா பக்தர்கள் இல்லாமல் கோயிலுக்குள் நடந்தபோது, ஊரார் அதை நேரலையில் பார்த்தார்கள். பிரான்சில் குடியேறிய காரைக்கால் குடும்பங்களாலும் பார்க்க முடிந்தது. அதன்பின் நேரலை வழக்கமாகிவிட்டது.

ஊடகங்கள் ஒன்றில் ஒன்று கலப்பதை அமெரிக்க ஆய்வாளர் ஹென்றி ஜென்கின்ஸ் 2006-இல் ஒரு நூலாக எழுதினார். ஒரு கதையைப் படம், விளையாட்டு, புத்தகம் என்று பிரித்துப் பரப்பும் பெருநிறுவனங்களும், அதைத் தம் விருப்பப்படி திருத்திச் சொல்லும் ரசிகர்களும் அவருடைய பொருள். காரைக்காலில் நிறுவனம் இல்லை, திட்டமும் இல்லை. பாரதியார் சாலையில் ஒரு கையில் கைப்பேசியும் மறு கையில் விரித்த துண்டுமாக நிற்கும் பக்தர்தான் இப்போதைய கதைசொல்லி.

அந்தக் கதைசொல்லி எதைப் படம் பிடிக்கிறார் என்பதில்தான் சிக்கல். மாம்பழம் பறக்கும் நொடி அரை நிமிடக் காணொளிக்கு அளவெடுத்ததுபோல் பொருந்துகிறது. விடியலில் பேய் வடிவத்தோடு நிறைவுறும் கட்டம் அப்படிப் பொருந்துவதில்லை. ஒரு காட்சியை விரும்பியவருக்கு அதையே மறுபடி மறுபடி கொண்டுவந்து நிறுத்தும் கைப்பேசி, சேக்கிழார் சேர்த்த கனியை இன்னும் பெரிதாக்கி, கவிஞர் எழுதிய சுடுகாட்டை இன்னும் தள்ளி வைக்கிறது. ஆனால் விரல் நகர்த்தும் தூரத்தில்தான் 143 பாடல்களும் இருக்கின்றன. நம்பியின் ஒரு பாடலையும் சேக்கிழாரின் 66 பாடல்களையும் அம்மையாரின் சொந்தச் சொற்களையும் பக்கம் பக்கமாக வைத்துப் பார்ப்பது முன்பு மடத்து நூலகத்தில் அமர்ந்த புலவருக்கு மட்டுமே இயன்றது. இன்று ஒரு பள்ளி மாணவி அதைச் செய்யலாம். என்னளவில், இந்த ஊடகக் கலப்பின் மதிப்பு நேரலையைவிட இதில்தான் அதிகம்.

தழுவுவோருக்கு மூலத்தில் இன்னும் தொடாத பொருள் கிடக்கிறது. முதல் மூத்த திருப்பதிகத்தின் ஒரு பாடல் முழுக்க ஒலியாலானது: துத்தம், கைக்கிளை, விளரி முதலான பண்ணிசைச் சுரங்களும், சச்சரி, கொக்கரை, தக்கை, மத்தளம், குடமுழா, மொந்தை என்று கருவிகளின் பெயர்களும் அடுக்கடுக்காக வருகின்றன. இருட்டில் காதுக்கு மட்டும் சொல்லப்பட்ட சுடுகாடு அது. படத்தைவிட ஒலிநூலுக்கும் வானொலிக்கும் உரியது. இரண்டு பதிகங்களுக்கும் பண் குறிக்கப்பட்டுள்ளது: முதலாவதற்கு நட்டபாடை, இரண்டாவதற்கு இந்தளம். இரண்டையும் கோயில்களில் ஓதுவார்கள் இன்றும் பாடுகிறார்கள்.