சதாசிவம்: ஸ்கோரும் சாட்சியமும்

கிரிக்கெட்டைக் கலை என்கிறவர்கள் ஒரு சங்கடத்துக்குப் பதில் சொல்லியாக வேண்டும். பிரதி மிஞ்சாத கலையை எதை வைத்து விமர்சிப்பது? ட்ரினிடாட்காரரான சி. எல். ஆர். ஜேம்ஸ், 1963இல் வெளிவந்த தம் புத்தகத்தில், நாடகமும் நடனமும் இருக்கும் வரிசையில் கிரிக்கெட்டையும் உட்கார்த்தி வைத்தார். எனக்கு அதில் ஆட்சேபமில்லை. ஆனால் தஞ்சாவூர்க்காரனுக்கு நாயனம் ஞாபகம் வந்துவிடுகிறது. ராஜரத்தினம் பிள்ளை 1956இல் போய்விட்டார். அதற்குப் பின் பிறந்தவனும் இசைத்தட்டில் அவருடைய தோடியைக் கேட்கலாம். கேட்டதை வைத்துச் சண்டை போடலாம். 1940களில் ஆடிய ஒரு பேட்ஸ்மன் விஷயத்தில் நமக்கு வந்து சேர்ந்திருப்பவை எண்களும், பார்த்தவர்களின் பேச்சும்தான்.

மகாதேவா சதாசிவத்தை இந்தச் சங்கடத்தின் பொருட்டே எடுத்துக்கொள்கிறேன். 1964 புயல் தனுஷ்கோடியைக் கொண்டுபோகும் வரை கொழும்புப் பிரயாணிகளை ஏற்றிய போட் மெயில் கும்பகோணம், தஞ்சாவூர் வழியாகத்தான் போயிற்று. கொழும்பு எங்கள் ஜில்லாவுக்கு அந்நிய ஊர் அல்ல.

சதாசிவம் 1915இல் பிறந்த இலங்கைத் தமிழர். வெஸ்லி கல்லூரியில் படித்தவர். தமிழ் யூனியனுக்கு ஆடியவர். அன்றைய கொழும்பில் இனத்துக்கு ஒரு கிளப். தமிழ் யூனியனும் சிங்கள ஸ்போர்ட்ஸ் கிளப்பும் 1899இல் தோன்றியவை. பறங்கியருக்கும் சோனகருக்கும் மலாய்க்காரருக்கும் தனித்தனியாக இருந்தன. ஆட்டம் அங்கே சம்பளத் தொழில் அல்ல. 1947இல் சேப்பாக்கத்தில் தென்னிந்திய அணிக்கு எதிராக அவர் 215 எடுத்தார். 1948 மார்ச்சில், இங்கிலாந்துக்குக் கப்பலில் போகும் வழியில் பிராட்மனின் ஆஸ்திரேலியர்கள் கொழும்பில் ஒரு நாள் ஆடியபோது, இலங்கையின் காப்டன் அவர்தான். அன்றைய பிட்ச் 22 கஜத்துக்குப் பதில் 20 கஜமாக இருந்தது என்பது வேடிக்கையான உபரிச் செய்தி.

லேட் கட் அவருடைய அடி என்று சொல்லப்படுகிறது. பந்தைத் தன்னைக் கடந்துபோக விட்டு, அது கீப்பர் கைக்குள் விழும் கடைசிக் கணத்தில் மணிக்கட்டால் தொட்டுத் திருப்பிவிடுவது. பலத்துக்கு அங்கே வேலையில்லை, எல்லாம் நேரம்தான். பேஸ்பாலில் பின்புறம் போகிற பந்து ஃபவுல். ஆகவே இந்த அடிக்கு அங்கே இடமே இல்லை. அறுவடையான வயலில் தென்னை மட்டை பிடித்து ஆடும் எங்கள் பையன்களுக்கும் இது வராது. தாள் முளைத்த தரையில் பந்து ஒழுங்காக எழும்பாது. தூக்கி அடிப்பது ஒன்றே வழி.

வொரலும் சோபர்ஸும் சதாசிவத்தை ஒப்பற்றவர் என்று சொன்னதாக இலங்கையில் தலைமுறை தலைமுறையாகப் பேச்சு. எப்போது, யாரிடம், எந்த வார்த்தையில் என்று கேட்பது மரியாதைக் குறைவாகிவிடும். பகலெல்லாம் பாங்கில் பற்றுவரவு பார்க்கிறவன் நான். பாலன்ஸ் சரியாக வந்துவிடும். பணம் எப்படிச் செலவாயிற்று என்பது அதில் இருக்காது. 215 அப்படிப்பட்ட எண். பேச்சோ கேள்விச் சாட்சியம்.

கேள்விச் சாட்சியத்தை ஏற்காத இடம் ஒன்றிலும் அவர் நிற்க நேர்ந்தது. 1951 அக்டோபர் 9ஆம் தேதி அவர் மனைவி ஆனந்தம் பம்பலப்பிட்டி வீட்டின் கார் ஷெட்டில் கழுத்து நெரிபட்டு இறந்து கிடந்தார். பொன்னம்பலம் இராமநாதனின் பேத்தி, நான்கு பெண்களின் தாய், விவாகரத்துக் கோரியிருந்தவர். சதாசிவம் கைதானார். வீட்டு வேலைக்காரன் மன்னிப்புப் பெற்று அரசுத் தரப்புச் சாட்சியானான். வழக்கு கடைசியில் கடியாரத்தில் வந்து நின்றது. சதாசிவம் அன்று காலை சுமார் பத்தரைக்கு டாக்ஸியில் கிளம்பிப் போனார். மரணம் அதற்கு முன்பா, பின்பா? உடல் குளிர்ந்த வேகத்தை வைத்து நிபுணர்கள் நிமிஷக் கணக்குப் போட்டார்கள். எடின்பரோவிலிருந்து வந்த ஸர் ஸிட்னி ஸ்மித், இறந்தவரின் பாதத்தில் படிந்திருந்த அழுக்கைக்கூட விடாமல் வாசித்தார். சமசமாஜக் கட்சியின் கொல்வின் ஆர். டி சில்வா சதாசிவத்துக்காக வாதாடினார். 57 நாள் விசாரணைக்குப் பின் 1953 ஜூனில் விடுதலை. அதற்குள் 20 மாதம் சிறையில் போயிருந்தது.

நிரபராதி என்று தீர்ப்பானவரை மறுபடி கூண்டில் ஏற்றுவது என் வேலையல்ல. என் புகார் வரலாறு எழுதுகிறவர்கள் மீது. அவர்கள் கையில் இந்த வழக்கு ஒரு மேதைக்கு வந்த சோதனையாகிவிடுகிறது: மேதை, சிறை, மீட்சி, பிறகு சிங்கப்பூருக்கும் மலாயாவுக்கும் காப்டன், 1977இல் மரணம். கதை வடிவாக அமைந்துவிட்டது. அதில் ஆனந்தம் ஒரு பத்தி. ஓர் உடலை அவ்வளவு நுணுக்கமாக வாசித்த நீதிமன்றத்துக்குப் பிறகு, அந்த உடலுக்குரியவரைப் பற்றி எழுத யாருக்கும் வாக்கியம் கிடைக்கவில்லை. அவர் சாவுக்கு இதுவரை யாரும் தண்டிக்கப்படவும் இல்லை.

இது கிரிக்கெட் எழுத்தின் நோய் மட்டுமல்ல. நம் வட்டத்திலும் கவிஞனின் குடியும் கடனும் சண்டையும் தெரிந்த அளவுக்கு அவன் கவிதை தெரியாது. வீட்டில் அவனுக்குச் சோறு போட்டவளை விசாரிப்பதும் இல்லை. கலைஞனின் வாழ்க்கை என்ற பெயரில் நாம் சொல்லிக்கொள்வது கலையைப் பற்றியும் அல்ல, வாழ்க்கையைப் பற்றியும் அல்ல.

சதாசிவத்தைப் பற்றி எழுதுகிறவன் இரண்டையும் தனித்தனியாக எழுதக் கற்க வேண்டும். லேட் கட்டைப் பார்த்தவர் எவராவது வர்ணித்தால், அந்த வர்ணனையின் துல்லியத்தை வைத்து அதை எடை போடலாம். பம்பலப்பிட்டி வீட்டில் நடந்ததை அந்த வர்ணனைக்கு நிழலாகவோ ஒளியாகவோ பயன்படுத்தக் கூடாது.