கால் ஆஃப் டூட்டி: அட்டையில் இடம்பெறாத பெயர், ரேவன் சாஃப்ட்வேர் நிறுவனத்தின் பங்களிப்பு என்ன?

திருப்பதி: செல்பேசியிலோ கணினியிலோ 'கால் ஆஃப் டூட்டி' விளையாட்டைத் திறந்தவுடன் திரையில் தோன்றுவது ஆக்டிவிஷன் என்னும் வெளியீட்டு நிறுவனத்தின் பெயர். திருப்பதியிலும் சித்தூரிலும் அதை விளையாடும் இளைஞர்கள் பெரும்பாலும் அறிந்திருப்பது அந்தப் பெயரை மட்டுமே. ஆனால், 2003-ஆம் ஆண்டு முதல் வெளிவந்துகொண்டிருக்கும் இந்தப் போர்க்களத் துப்பாக்கிச் சுடும் விளையாட்டுத் தொடர், பல ஸ்டுடியோக்களின் கூட்டு உழைப்பால் உருவாவது. அவற்றுள் நெடுங்காலம் துணை நிறுவனமாகவே இருந்து, பின்னர் தொடரின் மிகப் பெரிய பகுதிகளைச் சுமந்த நிறுவனம், அமெரிக்காவின் விஸ்கான்சின் மாநிலத்தில் உள்ள ரேவன் சாஃப்ட்வேர்.

இந்நிறுவனத்தின் பங்களிப்பு, உழைப்பவருக்கும் பெயர் பெறுபவருக்கும் இடையே உள்ள இடைவெளியை எடுத்துக்காட்டுகிறது. வீடியோ கேம் துறையில் வேலை தேடும் இளைஞர்கள் அறிந்திருக்க வேண்டிய வரலாறும் இதுவே.

தொடர் தோன்றிய விதம்

முதல் 'கால் ஆஃப் டூட்டி' 2003-ஆம் ஆண்டு அக்டோபர் மாதம் கணினிகளுக்காக வெளியானது. இரண்டாம் உலகப் போரைக் களமாகக் கொண்ட இதனை இன்ஃபினிட்டி வார்டு நிறுவனம் உருவாக்கியது. 2007-இல் வெளியான 'மாடர்ன் வார்ஃபேர்' கதைக்களத்தை நிகழ்காலப் போர்களுக்கு மாற்றி, தொடரை உலகப் புகழ் பெறச் செய்தது.

ஆண்டுதோறும் ஒரு புதிய விளையாட்டை வெளியிடுவது ஆக்டிவிஷனின் வழக்கம். ஒரே நிறுவனத்தால் இந்த வேகத்திற்கு ஈடுகொடுக்க இயலாது. எனவே இன்ஃபினிட்டி வார்டு, டிரேயார்க் ஆகியவை மாறி மாறிப் பொறுப்பேற்றன. பின்னர் ஸ்லெட்ஜ்ஹாமர் கேம்ஸ் நிறுவனமும் இணைந்தது. இந்த மூன்று முதன்மை நிறுவனங்களுக்கும் தோள்கொடுக்க ரேவன், பீனாக்ஸ், ஹை மூன் போன்ற துணை நிறுவனங்கள் தேவைப்பட்டன. இதுவரை இத்தொடரின் 40 கோடிக்கும் மேற்பட்ட பிரதிகள் விற்பனையாகியுள்ளன.

ரேவன்: தனித்து நின்ற காலம்

பிரையன் ராஃபெல், ஸ்டீவ் ராஃபெல் என்னும் சகோதரர்கள் 1990-இல் ரேவன் நிறுவனத்தைத் தொடங்கினர். அவர்களது முதல் படைப்பான 'பிளாக் கிரிப்ட்' 1992-இல் அமிகா கணினிகளுக்காக வெளிவந்தது. 'டூம்' விளையாட்டை உருவாக்கிய இட் சாஃப்ட்வேர் நிறுவனத்துடன் ஏற்பட்ட தொடர்பு ரேவனின் பாதையை மாற்றியது. 'டூம்' விளையாட்டின் தொழில்நுட்பத்தைக் கொண்டு உருவான 'ஹெரெடிக்' (1994), அதைத் தொடர்ந்த 'ஹெக்ஸன்' (1995) ஆகியவை, முதல் நபர் பார்வையில் அமைந்த சுடும் விளையாட்டுகளில் ரேவனுக்குத் தனி இடத்தைப் பெற்றுத் தந்தன.

1997-இல் ஆக்டிவிஷன் இந்நிறுவனத்தை வாங்கியது. அதன் பிறகும் 'சோல்ஜர் ஆஃப் ஃபார்ச்சூன்' (2000), 'ஸ்டார் வார்ஸ்' உலகில் அமைந்த 'ஜெடை அவுட்காஸ்ட்' (2002), 'எக்ஸ்-மென் லெஜெண்ட்ஸ்' (2004), 'குவேக் 4' (2005) எனப் பலவகைப் படைப்புகளை அது வெளியிட்டது.

திருப்புமுனையான 2010

2009-இல் வெளியான 'உல்ஃபன்ஸ்டைன்', 2010-இல் வெளியான 'சிங்குலாரிட்டி' ஆகிய இரண்டும் விற்பனையில் எதிர்பார்த்த வெற்றியை ஈட்டவில்லை. இரு முறையும் ரேவனில் ஆட்குறைப்பு நிகழ்ந்தது.

அதே 2010-ஆம் ஆண்டு மார்ச் மாதம், இன்ஃபினிட்டி வார்டு நிறுவனத்தின் தலைவர்களான ஜேசன் வெஸ்ட், வின்ஸ் ஜாம்பெல்லா ஆகியோரை ஆக்டிவிஷன் பணிநீக்கம் செய்தது. அவர்களைத் தொடர்ந்து பல பணியாளர்களும் வெளியேறினர். தொடரின் தாய் நிறுவனம் ஆட்களை இழந்து நின்ற வேளையில், ரேவனின் கைகள் 'கால் ஆஃப் டூட்டி' பணிக்குத் திருப்பப்பட்டன. சொந்தக் கதைகளைப் படைத்துவந்த நிறுவனம், பிறர் தொடங்கிய தொடரின் துணையாளராக மாறியது.

துணைப் பணிகள் என்னென்ன?

தொடக்கத்தில் ரேவனுக்குக் கிடைத்தது, பலர் ஒன்றாக விளையாடும் பகுதிக்கான பணி. 'மேப்' எனப்படும் களங்களை வடிவமைப்பதும், விளையாட்டு வெளியான பின்னர் விற்கப்படும் கூடுதல் தொகுப்புகளை உருவாக்குவதும் இதில் அடங்கும். 'பிளாக் ஆப்ஸ்', 'மாடர்ன் வார்ஃபேர் 3' (2011), 'கோஸ்ட்ஸ்' (2013) ஆகியவற்றில் இந்தப் பணி தொடர்ந்தது.

ஒரு களத்தை வடிவமைப்பது எளிதன்று. ஒரு சன்னலிலிருந்து எவ்வளவு தொலைவு தெரிய வேண்டும், ஒரு சுவரின் பின்னால் எத்தனை பேர் மறைய முடியும், இரு அணிகளும் மோதும் இடத்தை எத்தனை நொடிகளில் அடைய வேண்டும் என ஒவ்வொன்றும் கணக்கிடப்படுகிறது. கணக்குத் தவறினால் ஓர் அணிக்கு நியாயமற்ற சாதகம் கிடைத்துவிடும்.

சீனச் சந்தைக்கென உருவான 'கால் ஆஃப் டூட்டி ஆன்லைன்' விளையாட்டிலும் ரேவன் முக்கியப் பங்கு வகித்தது. டென்சென்ட் நிறுவனம் வெளியிட்ட இந்த இலவச விளையாட்டின் பொதுச் சோதனை 2015 ஜனவரியில் தொடங்கியது. 2021-இல் சேவை நிறுத்தப்பட்டது. 'அட்வான்ஸ்டு வார்ஃபேர்' விளையாட்டுக்கான கூடுதல் தொகுப்புகளில் இடம்பெற்ற 'எக்ஸோ ஜாம்பிஸ்' பகுதியும் ரேவனின் கைவண்ணமே.

2016-இல் வந்த பொறுப்பு இன்னும் பெரியது. 2007-ஆம் ஆண்டின் 'மாடர்ன் வார்ஃபேர்' விளையாட்டைப் புதிய தலைமுறைக் கருவிகளுக்காக மறுவடிவம் செய்யும் பணி ரேவனிடம் ஒப்படைக்கப்பட்டது. காட்சி, ஒளியமைப்பு, ஒலி, அசைவுகள் அனைத்தும் புதுப்பிக்கப்பட வேண்டும். ஆனால் ரசிகர்களின் நினைவில் பதிந்த விளையாட்டு அனுபவம் மாறக்கூடாது. இந்த மறுவடிவம் முதலில் 'இன்ஃபினிட் வார்ஃபேர்' விளையாட்டின் விலை உயர்ந்த பதிப்புகளுடன் மட்டுமே சேர்த்து விற்கப்பட்டது. ரசிகர்களின் அதிருப்திக்குப் பின், 2017-இல் தனியாகவும் விற்பனைக்கு வந்தது.

வார்ஸோன்: மையத்திற்கு வந்த ரேவன்

2020 மார்ச் 10 அன்று 'கால் ஆஃப் டூட்டி: வார்ஸோன்' வெளியானது. இன்ஃபினிட்டி வார்டும் ரேவனும் இணைந்து உருவாக்கிய இந்த இலவச 'பேட்டில் ராயல்' விளையாட்டில், 'வெர்டான்ஸ்க்' என்ற கற்பனை நகரில் 150 பேர் ஒரே நேரத்தில் மோதினர். வீழ்ந்தவர் உடனே வெளியேற்றப்படாமல், 'குலாக்' என்னும் சிறையில் ஒருவருக்கு ஒருவர் மோதி வென்றால் களத்திற்குத் திரும்பலாம் என்ற விதி இதன் தனித்தன்மை.

உலகம் முழுவதும் கொரோனா ஊரடங்கு தொடங்கிய நாள்களில் வெளியானதால் அதன் வளர்ச்சி பெருவேகம் கொண்டது. முதல் மாதத்தில் 5 கோடிப் பேரும், 2021 ஏப்ரலுக்குள் 10 கோடிக்கும் மேற்பட்டோரும் விளையாடியதாக ஆக்டிவிஷன் அறிவித்தது.

பெட்டியில் வைத்து விற்கப்படும் விளையாட்டு வெளியீட்டு நாளுடன் ஓரளவு நிறைவடைகிறது. 'வார்ஸோன்' போன்ற நேரலை விளையாட்டுக்கு முடிவு நாள் இல்லை. சில வாரங்களுக்கு ஒருமுறை புதிய பருவம், புதிய ஆயுதங்கள், திருத்தங்கள் என வந்துகொண்டே இருக்க வேண்டும். ஓர் ஆயுதத்தின் வலிமையைச் சற்றே கூட்டினாலும் கோடிக்கணக்கானோர் அதையே நாடுவர். மறுநாளே அதைச் சரிசெய்ய வேண்டும். இந்த ஓயாத பராமரிப்பின் பெரும்பகுதி ரேவனின் பொறுப்பாயிற்று.

அதே ஆண்டு நவம்பரில் வெளியான 'பிளாக் ஆப்ஸ் கோல்டு வார்' விளையாட்டின் கதைப்பகுதியையும் ரேவனே உருவாக்கியது. 1980-களின் பனிப்போர்ச் சூழலில் அமைந்த அக்கதையில், வீரரின் முடிவுகளுக்கேற்ப இறுதிக்காட்சி மாறுகிறது. வளைகுடாப் போர்க் காலத்தைப் பின்னணியாகக் கொண்ட 'பிளாக் ஆப்ஸ் 6' (2024), அதற்கடுத்த 'பிளாக் ஆப்ஸ் 7' (2025) ஆகியவற்றிலும் டிரேயார்க்குடன் ரேவன் இணைந்து பணியாற்றியது.

சோதனையாளர்களின் வேலைநிறுத்தம்

இத்தகைய விளையாட்டுகளின் தரத்தைக் காப்பவர்கள் தரச் சோதனையாளர்கள். நாள் முழுவதும் விளையாடுவதே இவர்களது வேலை என்ற எண்ணம் பரவலாக உள்ளது. உண்மையில், ஒரே கதவை நூறு முறை திறந்து மூடுவது, ஒவ்வொரு சுவரிலும் மோதிப் பார்ப்பது, ஒரு பிழை எந்தச் சூழலில் தோன்றுகிறது என்பதைப் படிப்படியாகப் பதிவுசெய்வது என நீளும் பொறுமை மிகுந்த பணி அது. துறையின் படிநிலையில் குறைந்த ஊதியமும், தற்காலிக ஒப்பந்தமும் பெறுபவர்களும் பெரும்பாலும் இவர்களே.

2021 டிசம்பர் தொடக்கத்தில், ரேவனின் தரச் சோதனைப் பிரிவைச் சேர்ந்த 12 பேரின் ஒப்பந்தம் நீட்டிக்கப்படாது என அறிவிக்கப்பட்டது. இது அப்பிரிவில் ஏறத்தாழ மூன்றில் ஒரு பங்கு. 'வார்ஸோன்' விளையாட்டில் 'கால்டெரா' என்னும் புதிய களம் அறிமுகமாகவிருந்த வாரத்திற்குச் சற்று முன்னர் இந்த அறிவிப்பு வந்தது. டிசம்பர் 6 அன்று 60-க்கும் மேற்பட்ட பணியாளர்கள் வேலைநிறுத்தத்தில் இறங்கினர். வேலைக்காக விஸ்கான்சினுக்கு அண்மையில் இடம்பெயர்ந்தவர்களும் நீக்கப்பட்டவர்களில் இருந்தனர் என்று பணியாளர் தரப்பு கூறியது.

2022 ஜனவரி 18 அன்று ஆக்டிவிஷன் பிளிஸார்டு நிறுவனத்தை 6,870 கோடி டாலருக்கு வாங்கப் போவதாக மைக்ரோசாஃப்ட் அறிவித்தது. அன்றைய மதிப்பில் இது 5 லட்சம் கோடி ரூபாய்க்கும் அதிகம். மூன்று நாள்கள் கழித்து, ரேவனின் சோதனையாளர்கள் 34 பேர் 'கேம் ஒர்க்கர்ஸ் அலையன்ஸ்' என்ற தொழிற்சங்கத்தை அறிவித்தனர். மே 23 அன்று எண்ணப்பட்ட வாக்குகளில் 19 பேர் சங்கத்திற்கு ஆதரவாகவும் 3 பேர் எதிராகவும் வாக்களித்திருந்தனர். அமெரிக்காவின் பெரும் வீடியோ கேம் நிறுவனம் ஒன்றில் அமைந்த முதல் தொழிற்சங்கம் இது.

சங்கம் அமைந்ததுடன் போராட்டம் முடிந்துவிடவில்லை. 2022 ஏப்ரலில் ஆக்டிவிஷன் சுமார் 1,100 தற்காலிகச் சோதனையாளர்களை நிரந்தரமாக்கி, மணிக்குக் குறைந்தது 20 டாலர் ஊதியம் அறிவித்தது. ஆனால், சங்க நடவடிக்கை நிலுவையில் இருப்பதைக் காரணம் காட்டி, ரேவன் சோதனையாளர்களுக்கு அந்த ஊதிய உயர்வு வழங்கப்படவில்லை. 2023 அக்டோபர் 13 அன்று ஆக்டிவிஷன் மைக்ரோசாஃப்ட் வசமானது. வாக்கெடுப்புக்கு மூன்று ஆண்டுகளுக்கும் மேலான பின்னர், 2025 ஆகஸ்டில்தான் ஊதிய ஒப்பந்தம் உறுதியானது. இரண்டு ஆண்டுகளில் 10 சதவீத ஊதிய உயர்வும், மிகுதியான கூடுதல் நேரப் பணிக்குக் கட்டுப்பாடுகளும் அதில் இடம்பெற்றன.

இந்தியாவுக்கு இது ஏன் முக்கியம்?

2020 செப்டம்பர் 2 அன்று மத்திய அரசு தடை செய்த 118 செயலிகளில் பப்ஜி மொபைலும் ஒன்று. டென்சென்ட் குழுமத்தின் டிமி ஸ்டுடியோ உருவாக்கி, ஆக்டிவிஷன் 2019-இல் வெளியிட்ட 'கால் ஆஃப் டூட்டி: மொபைல்' அப்பட்டியலில் இடம்பெறவில்லை. இந்தத் தொடரின் பெயர் இந்தியச் செல்பேசிகளில் நிலைத்திருக்க அதுவும் ஒரு காரணம்.

பணம் கட்டி ஆடும் இணைய விளையாட்டுகளைத் தடை செய்து, இ-ஸ்போர்ட்ஸ் போட்டிகளுக்கு அங்கீகாரம் அளிக்கும் சட்டத்தை நாடாளுமன்றம் 2025 ஆகஸ்டில் நிறைவேற்றியது. 2022-23 மத்திய பட்ஜெட்டில் அனிமேஷன், காட்சி விளைவுகள், கேமிங், காமிக்ஸ் துறைக்கான பணிக்குழு அறிவிக்கப்பட்டது. இத்துறைக்கான தேசியச் சிறப்பு மையத்தை மும்பையில் அமைக்க 2024 செப்டம்பரில் மத்திய அமைச்சரவை ஒப்புதல் அளித்தது.

திருப்பதி, சித்தூர் பகுதி மாணவர்களுக்கு இத்துறையின் அடிப்படையான கணினிக் கல்வி அருகிலேயே கிடைக்கிறது. 2013-இல் தொடங்கப்பட்ட ஸ்ரீசிட்டி இந்தியத் தகவல் தொழில்நுட்பக் கழகம் பெயரில் சித்தூரைத் தாங்கியிருந்தாலும், 2022 ஏப்ரல் 4 அன்று நிகழ்ந்த மாவட்டப் பிரிப்புக்குப் பின் திருப்பதி மாவட்டத்தில் உள்ளது. 2015 முதல் திருப்பதி ஐஐடி இயங்கி வருகிறது.

படித்து முடித்தவர்களுக்கு இந்தியாவில் கிடைக்கும் கேம் பணிகளில் கணிசமானவை ரேவன் தொடக்கத்தில் செய்தது போன்ற துணைப் பணிகளே. பெங்களூருவின் துருவா இன்டராக்டிவ், குருகிராமின் லக்ஷ்யா டிஜிட்டல் ஆகியவை வெளிநாட்டு விளையாட்டுகளுக்கான ஓவியம், முப்பரிமாண வடிவமைப்புப் பணிகளில் பெயர் பெற்றவை. துருவாவை 2019-இல் ராக்ஸ்டார் நிறுவனம் வாங்கியது.

துணைப் பணியில் தொடங்குவது இழுக்கன்று. களங்களை வடிவமைத்த ரேவனே பின்னாளில் கதைப்பகுதிகளைப் படைத்தது. எனினும் 10 கோடிப் பேர் விளையாடிய ஒரு வெற்றி, அதைச் சோதித்த 12 பேரின் வேலையைக் காக்கவில்லை. வேலை நிரந்தரமா ஒப்பந்தமா, கூடுதல் நேரத்திற்கு ஊதியம் உண்டா, விளையாட்டின் பங்களிப்பாளர் பட்டியலில் பெயர் இடம்பெறுமா ஆகிய மூன்று கேள்விகளையும் பணியில் சேரும் முன்பே கேட்டுத் தெளிவது நலம்.

ரேவன்: ஒரு பார்வையில்

1990 – ராஃபெல் சகோதரர்களால் விஸ்கான்சினில் தொடக்கம்
1997 – ஆக்டிவிஷன் வாங்கியது
2010 – 'சிங்குலாரிட்டி' வெளியீடு. 'கால் ஆஃப் டூட்டி' பணிக்கு மாற்றம்
2016 – 'மாடர்ன் வார்ஃபேர்' மறுவடிவம்
2020 – 'வார்ஸோன்', 'பிளாக் ஆப்ஸ் கோல்டு வார்'
2021 – சோதனையாளர்கள் வேலைநிறுத்தம்
2022 – தொழிற்சங்க வாக்கெடுப்பில் வெற்றி
2023 – மைக்ரோசாஃப்ட் குழுமத்தில் இணைப்பு
2024 – 'பிளாக் ஆப்ஸ் 6'
2025 – முதல் ஊதிய ஒப்பந்தம். 'பிளாக் ஆப்ஸ் 7'