ஜன் தாரா (திரைப்படம்)

ஜன் தாரா என்பது நோன்சீ நிமிபுத்ர் இயக்கத்தில் 2001 ஆம் ஆண்டு வெளியான தாய்லாந்துத் திரைப்படம் ஆகும். உத்சனா புளோங்தாம் என்ற புனைபெயரில் எழுதப்பட்ட புதினத்தைத் தழுவியது. 2012 இல் மீண்டும் படமாக்கப்பட்டது.

கதை 1930களின் சியாமில் நிகழ்கிறது. ஜன் பிறந்தபோதே தாய் இறந்துவிடுகிறார். அப்பழியைக் குழந்தைமீது சுமத்தும் குடும்பத் தலைவர் லுவாங் விஸ்நன், அவனை அடித்தும் இழிவுபடுத்தியும் வளர்க்கிறார். இளைஞனான ஜன், அவருடைய துணைவி பூன்லுவாங்கையே விரும்புகிறான்.

லுவாங் என்பது அக்காலத்தில் மன்னர் வழங்கிவந்த பட்டம். 1932 புரட்சி மன்னரின் முழு அதிகாரத்தை முடிவுக்குக் கொண்டுவந்தது; 1935 இல் ஒருவருக்கு ஒரு மனைவி என்பது சட்டமானது. ஆயினும் இக்கதையின் வீட்டுக்குள் தலைவரின் ஆட்சி மாறவில்லை. பின்னர் அவ்வீட்டுக்கு உரிமையாளனாகும் ஜன்னும் தான் வெறுத்தவரைப் போலவே நடக்கிறான். சொத்தோடு கொடுமையும் கைமாறுகிறது.