நூறு யூனிட் யாருக்கு? வாடகை வீட்டுக் குடும்பங்கள் அறிய வேண்டிய மின்கட்டண, எரிவாயு உதவிகள்

தமிழகத்துக்கு மின்சாரம் தரும் மாவட்டங்களில் தூத்துக்குடியும் ஒன்று. துறைமுகத்தில் வந்திறங்கும் நிலக்கரியை எரித்து மின்சாரம் எடுக்கும் அனல்மின் நிலையம் 1979ஆம் ஆண்டு இங்கே தொடங்கியது. பின்னர் அது தலா 210 மெகாவாட் கொண்ட ஐந்து அலகுகளாக, 1050 மெகாவாட் நிறுவு திறனுடன் வளர்ந்தது. அந்தத் துறைமுகத்தில் சுமை தூக்குபவரும், திரேஸ்புரத்திலிருந்து கடலுக்குப் போகிறவரும், உப்பளத்தில் கூலிக்கு நிற்பவரும், காயல்பட்டினத்தில் யாரோ ஒருவர் வீட்டு மாடியில் வாடகைக்கு இருக்கும் விதவைத் தாயும் இரண்டு மாதத்துக்கு ஒருமுறை வரும் மின்கட்டணத்தை நினைத்துக் கவலைப்படுகிறார்கள்.

அரசின் உதவி இல்லாமல் இல்லை. 2016 மே 23 முதல் தமிழகத்தில் எல்லா வீட்டு மின் இணைப்புகளுக்கும் இரண்டு மாதத்துக்கு முதல் 100 யூனிட் கட்டணமின்றிக் கிடைக்கிறது. ஏழை, பணக்காரர் என்ற பாகுபாடு இதில் இல்லை. ஆனால் இந்தச் சலுகை மின் இணைப்புக்குத் தரப்படுகிறது, குடும்பத்துக்கு அல்ல. ஒரே மீட்டரில் மூன்று குடும்பங்கள் இருந்தாலும் 100 யூனிட் ஒன்றுதான். அதனால் யாருக்கு மிகவும் தேவையோ அவர்கள் வாசல் வரை வந்தும் உள்ளே நுழையாமல் அது நின்றுவிடுகிறது.

கணக்கைப் பார்ப்போம்

2024 ஜூலை 1 அன்று நடைமுறைக்கு வந்த வீட்டுக் கட்டணத்தை இங்கே எடுத்துக்கொள்கிறோம். இரண்டு மாதத்தில் 500 யூனிட்டுக்குள் இருக்கும் வீட்டுக்கு முதல் 100 யூனிட் இலவசம். 101 முதல் 200 வரை யூனிட்டுக்கு 2 ரூபாய் 35 காசு. 201 முதல் 400 வரை 4 ரூபாய் 70 காசு. 401 முதல் 500 வரை 6 ரூபாய் 30 காசு.

500ஐத் தாண்டிவிட்டால் கணக்கு மாறுகிறது. 101 முதல் 200 வரையிலான பாதி விலைச் சலுகை போய்விடும். 101 முதல் 400 வரை எல்லா யூனிட்டுக்கும் 4 ரூபாய் 70 காசு, 501 முதல் 600 வரை 8 ரூபாய் 40 காசு. சரியாக 500 யூனிட் ஓடிய வீட்டுக்கு 1,805 ரூபாய் வரும். 501 யூனிட் ஓடினால் 2,048 ரூபாய் 40 காசு. ஒரே ஒரு யூனிட்டுக்காக 243 ரூபாய்க்கு மேல் கூடுகிறது.

இப்போது வாடகைக் குடும்பத்தின் நிலையைப் பார்ப்போம். ஒரு குடும்பம் இரண்டு மாதத்தில் 180 யூனிட் செலவழிக்கிறது என்று வைத்துக்கொள்வோம். தனி மீட்டர் இருந்தால் அவர்கள் கட்ட வேண்டியது 188 ரூபாய்தான். அதே அளவு செலவழிக்கும் மூன்று குடும்பங்கள் ஒரே மீட்டரில் இருந்தால் மொத்தம் 540 யூனிட், கட்டணம் 2,376 ரூபாய். வீட்டு உரிமையாளர் ஒரு காசு கூட லாபம் வைக்காமல் பங்கு பிரித்தாலும் தலைக்கு 792 ரூபாய். அதாவது தனி மீட்டரில் இருப்பவரை விட நான்கு மடங்குக்கு மேல் ஏழை கட்டுகிறார். உரிமையாளர் யூனிட்டுக்கு எட்டு ரூபாய் என்று ஒரே விலை வைத்து வாங்கினால் அந்த 188 ரூபாய் 1,440 ஆகிவிடும்.

தனி இணைப்பு யாருக்குக் கிடைக்கும்?

நம் கடற்கரை ஊர்களில் பெண் மக்களுக்கு வீடு கொடுக்கும் வழக்கம் உண்டு. கீழே ஒரு மகள், மாடியில் ஒரு மகள், இரண்டு அடுப்பு, ஒரே மீட்டர் என்ற வீடுகள் காயல்பட்டினத்தில் நிறைய. பழைய பெரிய வீட்டைப் பகுதி பகுதியாக வாடகைக்கு விடுவதும் வழக்கம்தான்.

ஒரே கதவு எண்ணில் ஒன்றுக்கு மேற்பட்ட குடும்பங்கள் இருந்தால், பகுதிகள் நிரந்தரமாகப் பிரிக்கப்பட்டிருக்கும்போது தனித்தனி இணைப்பு கேட்கலாம். விதிகள் அதற்கு இடம் தருகின்றன. தனி வாசல், தனிச் சமையலறை, தனிக் குடும்ப அட்டை, வாடகை ஒப்பந்தம் ஆகியவை விண்ணப்பத்துக்கு வலுச் சேர்க்கும். உரிமையாளர் விண்ணப்பிப்பதே எளிது. வாடகைதாரர் விண்ணப்பித்தால் உரிமையாளரின் சம்மதம் தேவைப்படும். மின் வாரிய இணையதளத்திலோ அருகிலுள்ள இ-சேவை மையத்திலோ விண்ணப்பிக்கலாம்.

இதன் மறுபக்கத்தையும் சொல்லியாக வேண்டும். ஒரே குடும்பம், ஒரே அடுப்பு என்று இருந்துகொண்டு, 100 யூனிட்டை இரண்டு முறை வாங்குவதற்காகவே இரண்டு மீட்டர் வைப்பது சலுகை அல்ல, ஏமாற்று. மின் வாரியம் கண்டுபிடித்தால் இரண்டையும் ஒன்றாக்கும். கண்டுபிடிக்காவிட்டாலும் பொதுச் சொத்து அமானத்து என்பது மாறப்போவதில்லை.

வீட்டு உரிமையாளர்களுக்கு

தனி மீட்டர் கொடுத்தால் வீடே கைவிட்டுப் போய்விடுமோ என்ற அச்சம் பல உரிமையாளர்களுக்கு இருக்கிறது. மின் இணைப்பு அட்டை சொத்துரிமைப் பத்திரம் ஆகாது. இணைப்பு உங்கள் பெயரிலேயே இருக்கலாம். 2022 நவம்பர் முதல் மின் இணைப்போடு ஆதார் எண்ணை இணைக்கச் சொன்னபோதும் இதே அச்சம் எழுந்தது. அப்போது இணையப் பக்கத்தில் மூன்று வழிகள் தரப்பட்டன: உரிமையாளர், வாடகைதாரர், உரிமையாளர்தான் ஆனால் இணைப்பில் பெயர் இன்னும் மாறவில்லை என்பவர். மூன்றாவது வழி நம் குடும்பங்களுக்கு மிகவும் பொருந்தும். வாப்பா மவுத்தாகிப் பல ஆண்டுகள் ஆகியும் அட்டையில் அவர் பெயரே இருக்கும் வீடுகள் எத்தனையோ. வாரிசுச் சான்றிதழுடன் விண்ணப்பித்துப் பெயரை மாற்றிக்கொள்வது நல்லது. பின்னாளில் கூடுதல் மின்பளு, புதிய இணைப்பு என்று எதைக் கேட்டாலும் இந்த இடத்தில்தான் தடைபடும்.

தனி மீட்டருக்கு வழியே இல்லாத இடங்களில் உள் மீட்டர் வைத்துப் பங்கு பிரிக்கலாம். ஆனால் மின் வாரியத்தின் ரசீதை எல்லாருக்கும் காட்டி, அதில் உள்ள தொகையை மட்டுமே பிரிக்க வேண்டும். இலவச யூனிட்டின் பயனும் எல்லாருக்கும் சமமாகச் சேர வேண்டும். மின்கட்டணம் என்று சொல்லி வாங்கி அதில் சொல்லாமல் லாபம் வைப்பது, அடுத்தவர் பொருளை முறையின்றி உண்பதில் சேரும். உரிமம் இல்லாமல் மின்சாரத்தை விற்பதற்கு 2003ஆம் ஆண்டின் மின்சாரச் சட்டமும் இடம் தரவில்லை. வருமானம் போதவில்லை என்றால் வாடகையை வெளிப்படையாகப் பேசி நிர்ணயித்துக்கொள்ளுங்கள். அளவையில் நேர்மை என்பது தராசோடு முடிந்துவிடுவதில்லை, மீட்டருக்கும் அது பொருந்தும்.

அட்டையைப் படிக்கத் தெரிந்துகொள்ளுங்கள்

கணக்கெடுப்பவர் வந்து போனதும் அட்டையில் உள்ள எண்ணையும் மீட்டரில் ஓடும் எண்ணையும் ஒப்பிட்டுப் பாருங்கள். தேதியையும் பாருங்கள். கணக்கெடுப்பு பல நாள் தள்ளிப்போனால், அந்த நாட்களின் யூனிட்டும் சேர்ந்து உங்களை அடுத்த படிநிலைக்குக் கொண்டுபோய்விடலாம். 190இல் நிற்க வேண்டியது 210 ஆகும், 490 என்பது 510 ஆகும். கணக்கெடுத்த நாளிலிருந்து 20 நாட்களுக்குள் பணம் கட்ட வேண்டும். தவறினால் அபராதம் வரும், அதன் பிறகு இணைப்புத் துண்டிப்பு.

வீட்டு இணைப்பில் கடை நடத்தாதீர்கள். முன்னறையில் பெட்டிக்கடை, ஐஸ் பெட்டி என்று வைத்தால் அது வணிகப் பயன்பாடு. மின்சாரச் சட்டத்தின் 126ஆம் பிரிவின்படி இரு மடங்குக் கட்டணம் விதிக்கலாம். கம்பியில் கொக்கி போட்டு எடுப்பது 135ஆம் பிரிவின்படி திருட்டு, மார்க்கத்திலும் திருட்டுத்தான்.

குறை இருந்தால் முதலில் உங்கள் பகுதிப் பிரிவு அலுவலகத்தில் உதவிப் பொறியாளரிடம் எழுத்தில் கொடுங்கள். மின்னகம் சேவை மையத்தின் 94987 94987 என்ற எண்ணில் புகார் பதிந்து, புகார் எண்ணைக் குறித்து வையுங்கள். தீர்வு கிடைக்காவிட்டால் மின் பகிர்மான வட்ட அளவில் நுகர்வோர் குறைதீர்க்கும் மன்றம் இருக்கிறது. அதற்கும் மேலே சென்னையில் மின் குறைதீர்ப்பாளர் இருக்கிறார். இதற்கு வக்கீல் வைக்கத் தேவையில்லை, தேதியும் ரசீதும் சேர்த்த ஒரு மனு போதும்.

அடுப்புக்கான உதவி

மின்சாரத்துக்கு அடுத்து வீட்டுச் செலவில் கனப்பது சமையல் எரிவாயு. ஒன்றிய அரசின் உஜ்வலா திட்டம் 2016 மே 1 அன்று தொடங்கியது. எரிவாயு இணைப்பே இல்லாத ஏழைக் குடும்பத்தின் 18 வயது நிரம்பிய பெண்ணின் பெயரில் வைப்புத்தொகை இல்லாமல் இணைப்பு தரப்படுகிறது. 14.2 கிலோ சிலிண்டருக்கான மானியம் 2023 அக்டோபரில் 300 ரூபாய் ஆக்கப்பட்டது. 2025-26ஆம் நிதியாண்டுக்கு அது ஒன்பது சிலிண்டர்கள் வரை என்று வரையறுக்கப்பட்டது.

தகுதிப் பட்டியலில் சில சமூகப் பிரிவுகள் பெயர் சொல்லிக் குறிக்கப்பட்டிருப்பதால், தமிழகத்தில் பிற்படுத்தப்பட்ட வகுப்பில் வரும் முஸ்லிம்களுக்கு இது கிடையாது என்று சிலர் விட்டுவிடுகிறார்கள். அது சரியல்ல. ஏழ்மை நிலையைத் தெரிவிக்கும் உறுதிமொழிப் படிவம் வழியாக எந்தச் சமூகத்தின் ஏழைக் குடும்பமும் விண்ணப்பிக்கலாம். ஆதார், குடும்ப அட்டை, வங்கிக் கணக்கு ஆகியவற்றுடன் எரிவாயு முகவரிடம் போனால் போதும். படிவத்தில் எழுதுவது உண்மையாக மட்டும் இருக்க வேண்டும்.

மானியம் வரவில்லை என்று சொல்பவர்கள் இரண்டைச் சரிபார்க்க வேண்டும். முகவரிடம் ஆதார் சரிபார்ப்பு முடிந்திருக்கிறதா? ஆதாரோடு இணைந்திருக்கும் வங்கிக் கணக்கு எது? நூறு நாள் வேலைக்காகவோ உதவித்தொகைக்காகவோ எப்போதோ திறந்த பழைய கணக்கில் பணம் போய்ச் சேர்ந்துகொண்டிருக்கலாம்.

சொந்தக் கூரை இருப்பவர்களுக்கு 2024 பிப்ரவரியில் தொடங்கிய சூரிய வீடு திட்டமும் உண்டு. ஒரு கிலோவாட்டுக்கு 30,000 ரூபாய், இரண்டுக்கு 60,000, மூன்றும் அதற்கு மேலும் 78,000 ரூபாய் மானியம். தகடு பொருத்தி முடித்த பிறகே அது கணக்கில் வரும் என்பதால் முதலில் கையிலிருந்து போட வேண்டும். வங்கிகள் தரும் கடனில் வட்டி இருக்கிறது, அதைப் பார்த்து முடிவெடுங்கள்.

ஜமாஅத் என்ன செய்யலாம்?

ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாட்கள் இந்தக் கடலில் விசைப்படகுகளுக்கு மீன்பிடித் தடை. கிட்டத்தட்ட ஒரு மின்கட்டணச் சுற்று முழுவதும் படகுக்குப் போகிறவர் வீட்டில் வருமானம் இல்லை, விசிறி மட்டும் இரவு பகலாக ஓடும் வெயில் காலம். தடைக்கால நிவாரணம் 5,000 ரூபாயிலிருந்து 8,000 ரூபாயாக உயர்த்தப்படும் என்று 2023இல் அறிவிக்கப்பட்டது. அதிலிருந்துதான் அரிசியும் வாடகையும் மின்சாரமும் நடக்க வேண்டும்.

ஒவ்வொரு மஹல்லாவிலும் ஒரே மீட்டரில் எத்தனை குடும்பங்கள் என்று ஒரு கணக்கெடுப்பு எடுக்கலாம். ஜும்ஆவுக்குப் பிறகு, பட்டம் படித்த நம் பிள்ளைகள் இருவர் கைபேசியோடு உட்கார்ந்தால் பெயர் மாற்றமும் புதிய இணைப்பு விண்ணப்பமும் அங்கேயே பதிவாகிவிடும். புதிய இணைப்புக்கான வைப்புத்தொகை ஏழைக்குப் பெரிய தொகை. பைத்துல்மாலிலிருந்து அதை அழகிய கடனாகக் கொடுத்து, மாதாமாதம் சிறுகச் சிறுகத் திரும்பப் பெறலாம். ஜகாத் பெறத் தகுதியுள்ளவருக்கு அந்தப் பணத்தையே கையில் கொடுக்கலாம். இரண்டு மாதத்துக்கு ஒருமுறை ஒருவரின் கட்டணத்தைக் கட்டிக்கொண்டே இருப்பதை விட, ஒருமுறை தனி மீட்டர் வாங்கிக் கொடுப்பது நீண்ட நாள் நிற்கும் உதவி.

தகுதியுள்ளவர் அரசின் சலுகையைக் கேட்டுப் பெறுவது யாசகம் ஆகாது, அது அவருடைய ஹக்கு. வசதியுள்ளவர் எரிவாயு மானியத்தை விட்டுக்கொடுக்க 2015 முதலே வழி இருக்கிறது, அதுவும் நன்மைதான். வாடகைக்கு ஆள் வைத்திருக்கும் சகோதரர்கள் இந்த மாத ரசீதை எடுத்து, மேலே சொன்ன கணக்கை ஒருமுறை போட்டுப் பார்க்க வேண்டுகிறோம். அல்லாஹ் நம் கொடுக்கல் வாங்கலில் பரக்கத் செய்வானாக.