குங்குமம் கறுத்த திரை

டென்ட் கொட்டகைகளின் கதையைப் போன வாரம் பார்த்தோம். அந்தத் திரையில் ஓடிய ஊமைப் படங்களின் மணப்பெண்களைப் பற்றி இந்த வாரம்.

அவர்களில் பலர் பெண்களே அல்லர். 1913-இல் தாதாசாகேப் பால்கே ‘ராஜா ஹரிச்சந்திரா’ எடுத்தபோது தாராமதி வேடத்துக்குப் பெண் கிடைக்கவில்லை. உணவகத்தில் சமையல் வேலை பார்த்த சாளுங்கே என்ற இளைஞருக்குச் சேலை கட்டிவிட்டார். அதே சாளுங்கே 1917-இல் ‘லங்கா தகனம்’ படத்தில் ராமர், சீதை இரண்டு வேடமும் ஏற்றார். ஜப்பானிலும் இதே நிலைதான். நம் ஸ்திரீபார்ட் நடிகர்களைப் போல, கபுகி மேடையில் பெண் வேடம் கட்டிய ஒன்னகாட்டா நடிகர்களே ஏறக்குறைய 1920 வரை அங்கே ஊமைப் படங்களிலும் பெண்களாக வந்தார்கள்.

அலங்காரத்துக்கு வருவோம். அக்காலப் பிலிமுக்குச் சிவப்பு தெரியாது. அதைக் கறுப்பாகவே காட்டும். முகமும் கழுத்தும் வெள்ளை பூசி, வெள்ளைக் கிமோனோ உடுத்தும் ஜப்பானிய மணப்பெண் கோலம் அதில் பளிச்சென்று விழும். கொங்குப் பெண்ணை நினைத்துப் பாருங்கள். மஞ்சள் பூசிக் குளித்த முகம் மங்கும். நெற்றிக் குங்குமம் கறுக்கும். மருதாணி வைத்த விரல்நுனிகள் மசியில் தோய்த்தவை போலிருக்கும். திருச்செங்கோட்டிலோ ராசிபுரத்திலோ கொங்குச் சடங்குகளைச் செய்யும் அருமைக்காரர் நடத்தும் கல்யாணத்தில் மணவறையேறும் பெண்ணின் மங்கலமெல்லாம் நிறத்தில்தானே இருக்கிறது! ஊமைப் படத்துக்குப் பேச்சு இல்லாததைவிட இதுவே பெரிய குறை என்பேன்.

இந்தக் குறையைத் தீர்த்தது வண்ணப்படம். ஜப்பானில் பெண் வேட நடிகராகத் தொடங்கி இயக்குநரான தெய்னோசுகே கினுகாசா 1953-இல் எடுத்த ‘நரக வாசல்’ என்ற வண்ணப்படம், மறு ஆண்டு கான் திரைப்பட விழாவில் முதற்பரிசு பெற்றது. தமிழில் வண்ணப்படம் தந்தவர் நம் திருச்செங்கோட்டுக்காரர் டி.ஆர். சுந்தரம். சேலத்தில், ஏற்காடு சாலையில் இருந்த அவருடைய மாடர்ன் தியேட்டர்ஸ் 1956-இல் ‘அலிபாபாவும் 40 திருடர்களும்’ படத்தைக் கேவாகலரில் எடுத்தது. தமிழின் முதல் முழுநீள வண்ணப்படம் அது. எம்.ஜி.ஆரும் பானுமதியும் நடித்த அந்தப் படத்தில்தான் சிவப்பு முழுக்கச் சிவப்பாகவே தெரிந்தது.

கொங்குப் பக்கத்து வீடுகளில் தாத்தா பாட்டியின் கறுப்பு வெள்ளைக் கல்யாணப் படங்கள் இன்னும் சுவரில் இருக்கின்றன. அவற்றைப் புதுப்பித்து வண்ணம் ஏற்றக் கொடுக்கும்முன், விவரம் தெரிந்த பெரியவர்கள் இருக்கும்போதே, சேலை என்ன நிறம், பொட்டு குங்குமமா சாந்தா என்று கேட்டுப் படத்தின் பின்னால் எழுதி வையுங்கள்.

(தொடரும்)