எழுதாமல் விட்ட ஒரு வரி

1991 மே 22 காலையில் பண்ணைக்காட்டுக்கு பஸ் வரவில்லை. எனக்கு அப்போ பத்து வயசு. டீக்கடை ரேடியோவைச் சுற்றிப் பெரியவர்கள் நின்றார்கள். "ராஜீவைக் கொன்னுட்டாங்களாம்" என்பதைத் தவிர யாருக்கும் எதுவும் தெரியவில்லை. பின்னாளில் இந்த வழக்கைப் பற்றிக் கையில் கிடைப்பதையெல்லாம் படிப்பது எனக்கு ஒரு பழக்கமாகவே ஆகிவிட்டது. இன்றைக்கு எழுதப்போவது குற்றவாளி யார் என்பதைப் பற்றி அல்ல. அந்த வழக்கின் கோப்பை எழுதிய இரண்டு சிபிஐ அதிகாரிகளைப் பற்றி.

முதலாமவர் கே.ரகோத்தமன். டி.ஆர்.கார்த்திகேயன் தலைமையில் அமைந்த சிறப்புப் புலனாய்வுக் குழுவில் தலைமை விசாரணை அதிகாரி. ஸ்ரீபெரும்புதூரில் குண்டுவெடிப்பில் இறந்துபோன ஹரிபாபுவின் கேமராவில் இருந்த பத்துப் படங்கள்தான் குழுவுக்குக் கிடைத்த முதல் பெரிய துப்பு. சரியாக ஒரு வருஷத்தில், 1992 மே 20 அன்று, 41 பேர் மீது குற்றப்பத்திரிகை தாக்கலானது. ரகோத்தமன் ஓய்வுபெற்ற பிறகும் இந்த வழக்கை விடவில்லை. அதே கோப்புகளுக்குத் திரும்பிப் போய்த் தமிழிலும் ஆங்கிலத்திலும் புத்தகம் எழுதினார். சம்பவ இடத்தில் எடுத்த ஒரு வீடியோ கேசட் தங்கள் குழுவின் கைக்கு வரவே இல்லை என்பது அவருடைய புகார். 2021-இல் காலமானார்.

இரண்டாமவர் வி.தியாகராஜன், எஸ்.பி. இவர் கதையைப் புரிந்துகொள்ள தடா சட்டத்தின் 15-ஆவது பிரிவு தெரிந்திருக்க வேண்டும். பொதுவாக போலீஸிடம் கொடுக்கும் ஒப்புதல் வாக்குமூலம் கோர்ட்டில் செல்லாது. தடாவில் எஸ்.பி. அந்தஸ்துள்ள அதிகாரி பதிவு செய்தால் செல்லும். இந்த வழக்கில் வாக்குமூலங்களைப் பதிவு செய்தவர் தியாகராஜன்.

அதில் ஒன்று பேரறிவாளனுடையது. கைதாகும்போது அவருக்கு 19 வயசு. சிவராசனுக்கு இரண்டு 9 வோல்ட் பேட்டரி வாங்கிக் கொடுத்தார், அவை பெல்ட் வெடிகுண்டில் பயன்பட்டன என்பது அரசுத் தரப்பு. 1998 ஜனவரி 28 அன்று பூந்தமல்லி தடா நீதிமன்றம் 26 பேருக்கும் தூக்கு விதித்தது. 1999 மே 11 அன்று உச்சநீதிமன்றம் 19 பேரை விடுவித்தது. நான்கு பேருக்குத் தூக்கை உறுதி செய்தது. அதில் பேரறிவாளனும் ஒருவர். இதில் ஒரு வேடிக்கை என்னன்னா, தடா குற்றங்கள் இங்கே பொருந்தாது என்று சொன்ன அதே தீர்ப்பு, தடாவில் பதிவான வாக்குமூலங்களை மற்ற குற்றங்களுக்குச் சான்றாக ஏற்றுக்கொண்டது.

2013-இல் தியாகராஜன் வாய் திறந்தார். பேட்டரி வாங்கிக் கொடுத்ததாகப் பேரறிவாளன் சொன்னார்; அது எதற்கென்று தனக்குத் தெரியாது என்றும் கூடவே சொன்னார்; அந்த இரண்டாவது பகுதியைத் தான் எழுதவில்லை என்றார். 2017-இல் இதையே பிரமாணப் பத்திரமாக உச்சநீதிமன்றத்தில் கொடுத்தார். கொலைத் திட்டம் தங்கள் மூவரைத் தவிர யாருக்கும் தெரியாது என்று சிவராசன் அனுப்பிய வயர்லெஸ் செய்தியையும் அதில் சுட்டிக்காட்டினார்.

பலன்? பழைய தீர்ப்பைத் திரும்பப் பெறக் கேட்ட பேரறிவாளனின் மனுவை 2018 மார்ச்சில் உச்சநீதிமன்றம் தள்ளுபடி செய்தது. கருணை மனு தாமதமானதால் 2014-லேயே தூக்கு ஆயுளாகக் குறைந்திருந்தது. 2022 மே 18 அன்று 142-ஆவது பிரிவின் கீழ் விடுதலையானார். அமைச்சரவைப் பரிந்துரை மீது ஆளுநர் முடிவெடுக்காமல் இழுத்தடித்ததுதான் அங்கே பேசப்பட்டது. அந்த விட்டுப்போன வரியைப் பற்றி அந்தத் தீர்ப்பு எதையும் முடிவு செய்யவில்லை.

என் தொழிலில் லாக் ஃபைலில் இல்லாத ஒன்று நடக்கவே இல்லை என்று எடுத்துக்கொள்வது ரொம்ப சுலபம். எதைப் பதிவு செய்ய வேண்டும் என்று புரோகிராம் எழுதினவன் முன்னாடியே முடிவு செய்திருப்பான் என்பது மறந்துபோகும். விசாரணைக் கோப்பும் அப்படித்தான். வித்தியாசம், இங்கே விட்டுப்போன வரி ஒரு ஆளைத் தூக்குமேடை வரை கொண்டுபோகும்.

அமெரிக்காவில் கென்னடி கொலை ஆவணங்களைத் திறக்க 1992-இல் தனிச் சட்டமே போட்டார்கள். ஆவணங்களைப் பரிசீலிக்க ஐந்து பேர் கொண்ட வாரியம் 1998 வரை வேலை பார்த்தது. நம்மிடம் 1993-ஆம் ஆண்டின் பொது ஆவணங்கள் சட்டம் இருக்கிறது. 30 வருஷம் தாண்டி, ரகசிய முத்திரை இல்லாமல், ஆவணக் காப்பகத்துக்கு வந்து சேர்ந்தவற்றை ஆய்வாளர்கள் பார்க்கலாம் என்கிறது. மூன்று நிபந்தனையையும் தாண்டி எது வெளியே வரும்? சிபிஐ-யோ 2011-இல் தகவல் உரிமைச் சட்டத்தின் விலக்குப் பட்டியலில் சேர்ந்துவிட்டது. ஜெயின் கமிஷனுக்குப் பிறகு அமைத்த பல்துறைக் கண்காணிப்பு முகமையின் அறிக்கைகள் கோர்ட்டுக்கே மூடிய உறையில்தான் போயின.

கோப்பு திறந்தால் எல்லா உண்மையும் வந்துவிடும் என்று நான் நினைக்கவில்லை. தியாகராஜன் விட்ட வரி எந்தக் கோப்பிலும் இருந்திருக்காது. அது அவர் ஞாபகத்தில் மட்டும்தான் 22 வருஷம் இருந்தது. ஆனால் கோப்பு திறந்திருந்தால், எழுதியவர்கள் உயிரோடு இருக்கும்போதே போய், "சார், இதுக்கு அடுத்து அவர் என்ன சொன்னார்?" என்று யாராவது கேட்டிருக்கலாம். ரகோத்தமனிடம் இனிமேல் கேட்க முடியாது.