கூலி முதல் தொழிலாளி வரை: தோட்டத்துச் சொற்களில் நீதியின் வரலாறு

மலாக்காவுக்கு வெளியே வாழ்வோர் உம்பாயைச் சுட்ட மீன் கடைகளால் அறிவர். அக்கடலோரச் சாலையை விட்டு உள்நாட்டுப் பக்கம் திரும்பினால் ஜாசின் மாவட்டத்தின் தோட்டப் பகுதி தொடங்குகிறது. இன்று சாலையின் இருமருங்கிலும் செம்பனை நிற்கிறது. ஒரு தலைமுறைக்கு முன் நின்றது பால்மரம். நான் வளர்ந்தது அத்தகைய ஒரு தோட்டத்து லயத்தில். என் தாத்தாவிடம் பழைய சைக்கிள் ஒன்று இருந்தது. தோட்ட அலுவலகம் நெருங்கும்போது இறங்கிவிடுவார். அதைக் கடக்கும்வரை வண்டியைத் தள்ளிக்கொண்டே நடப்பார். ஞாயிற்றுக்கிழமைகளில், அலுவலகம் பூட்டிக் கிடக்கும்போதும் அவ்வாறே செய்வார். "உள்ளே யாரும் இல்லையே தாத்தா?" என்று ஒருநாள் கேட்டேன். "கால் தானா எறங்குதுப்பா" என்றார்.

அவ்விடையின் ஆழத்தை உணர எனக்குப் பல ஆண்டுகள் ஆயின. நேர்மையான சமுதாயத்தைத் தேடிய மனித முயற்சிகளைச் சட்டங்களிலும் கட்சி அறிக்கைகளிலும் காண்பது வரலாற்றாசிரியர் வழக்கம். மொழியியல் பயின்றவன் ஆதலின், அவற்றை நம் தோட்டங்களில் வழங்கிய சொற்களின் வழியே காண விழைகிறேன். ஒருவன் மற்றொருவனை எப்பெயரால் அழைத்தான், அப்பெயர் எப்போது மாறிற்று, யார் மாற்றினார் என்னும் வினாக்களுக்கு விடை தேடினால், சமதர்மம் என்பது நம் மக்களிடையே எங்கிருந்து முளைத்தது என்பது புலனாகும்.

ஊதியம் மனிதனுக்குப் பெயரானது

மலாக்காவுக்குத் தமிழர் கூலிகளாக முதலில் வரவில்லை. சுல்தான்கள் காலத்தில் வணிகராக வந்தவர்களின் வழித்தோன்றல்களே மலாக்காச் செட்டிகள். அவர்களுடைய ஸ்ரீ பொய்யாத விநாயகமூர்த்தி ஆலயம் 1781இல் எழுந்தது. அச்சமூகம் வீட்டுமொழியாகத் தமிழை இழந்து, மலாயைத் தழுவிய ஒரு கலப்புமொழியைப் பேசினாலும், வழிபாட்டை விடவில்லை.

அடுத்த வருகை வேறு வகையானது. 1896இல் டான் சே யான் என்னும் மலாக்காச் சீனர் புக்கிட் லிந்தாங்கில் ரப்பரைத் தோட்டப்பயிராக நட்டார். மலாயாவின் முதல் ரப்பர்த் தோட்டம் என்று அது போற்றப்படுகிறது. தொடர்ந்து புக்கிட் அசாகானில் பெருந்தோட்டம் உருவாயிற்று. தமிழ்நாட்டிலிருந்து முதலில் ஒப்பந்த முறையிலும், 1910இல் அம்முறை சட்டப்படி ஒழிக்கப்பட்ட பின்னர்க் கங்காணி முறையிலும் ஆயிரமாயிரம் குடும்பங்கள் கப்பலேறின. 1938இல் இந்திய அரசு தடைவிதிக்கும்வரை அவ்வரவு தொடர்ந்தது.

வந்தோர் அனைவர்க்கும் ஒரே பெயர்: கூலி. தமிழில் அச்சொல் உழைப்புக்குப் பெறும் ஊதியத்தைக் குறிக்கும். திருக்குறளின் ஆள்வினையுடைமை அதிகாரத்தில், உடல் வருந்த உழைத்ததன் பயன் என்னும் உயர்ந்த பொருளில் அது ஆளப்பட்டுள்ளது. ஆங்கிலத்தில் வழங்கிய வடிவத்தை குசராத்தின் கோலி இனப்பெயரோடு தொடர்புபடுத்துவோரும் உளர். மூலம் எதுவாயினும், காலனி ஆட்சியில் நிகழ்ந்த பொருள்மாற்றம் தெளிவானது. பெறவேண்டிய ஊதியத்தின் பெயர், அதைப் பெறும் மனிதனின் பெயராயிற்று. மலாயில் அது 'கூலி' என்றே நுழைந்தது. சீனரோ அதைக் 'கசப்பான வலிமை' என்று பொருள்படும் இரண்டு எழுத்துகளால் எழுதினர். மூன்று இனத்து உழைப்பாளர் மீதும் ஒரே சொல் சுமத்தப்பட்டது.

தோட்டத்தின் படிநிலையைச் சொற்களே காட்டும். மேலே துரை, தலைவன், ஆள்பவன் என்று பொருள்படும் சொல். அவருக்குக் கீழே கிராணி. வட இந்திய வழக்கிலிருந்து மலாயிலும் பரவிய எழுத்தர் பெயர். பிறகு மண்டோர், 1511 முதல் 1641 வரை மலாக்காவை ஆண்ட போர்த்துக்கேயரின் மொழியிலிருந்து மலாய் வழியாக வந்தது. அடுத்துக் கங்காணி, கண்காணிப்பவன். ஆங்கிலப் படையணிவகுப்புச் சொல்லின் திரிபான 'பெரட்டு', விடியுமுன் ஆள்கணக்கு எடுக்கும் வரிசையைக் குறித்தது. மேலிருந்து கீழே வந்த சொல் 'நீ'. கீழிருந்து மேலே சென்றது 'ஐயா', 'தொரை'. அதிகாரம் உடையோர்க்கெல்லாம் பதவியின் பெயர் இருந்தது. உழைத்தவனுக்கு மட்டும் விலையின் பெயர்.

சமதர்மம் கடல் கடந்தது

இந்த அமைப்பை விவரிக்கத் தமிழில் புதிய கலைச்சொற்கள் பிறந்த காலம் 1920களும் 1930களும் ஆகும். 1923இல் சென்னைக் கடற்கரையில் சிங்காரவேலர் மே நாளைக் கொண்டாடினார். 1929 இறுதியில் பெரியார் மலாயாவுக்கு வந்தார். சாதியும் மூடப்பழக்கமும் கடல் கடந்தும் ஒட்டிக்கொண்டிருப்பதைச் சுட்டினார். சோவியத்துப் பயணத்திற்குப் பின் 1932இல் ஈரோட்டில் அவர் முன்வைத்த திட்டம் 'சமதர்மம்' என்னும் சொல்லைப் பரப்பியது. சிங்கப்பூரில் கோ. சாரங்கபாணி 1935இல் தொடங்கிய தமிழ் முரசும், கோலாலம்பூரிலிருந்து வெளிவந்த தமிழ் நேசனும் இத்தகைய சிந்தனைகளை லயங்களுக்குக் கொண்டு சென்றன. எழுத்தறிந்த ஒருவர் படிக்க, பலர் சுற்றியமர்ந்து கேட்பது அன்றைய வழக்கம்.

கேட்டவர்களுக்கு அதை விளங்கிக்கொள்ள விரிவுரை தேவைப்படவில்லை. 1930களின் தொடக்கத்தில் ரப்பர் விலை சரிந்தபோது தோட்டங்கள் ஆட்குறைப்புச் செய்தன. கூலி வெட்டப்பட்டது, பல்லாயிரவர் தாயகத்திற்குத் திருப்பி அனுப்பப்பட்டனர். விலை உயர்ந்தபோது இலாபம் யாருக்குச் சென்றது, தாழ்ந்தபோது இழப்பு யார் தலையில் விழுந்தது என்பதை அவர்கள் கண்ணாரக் கண்டிருந்தனர். கோட்பாடு வந்து அனுபவத்தைத் தோற்றுவிக்கவில்லை. முன்பே இருந்த அனுபவத்திற்குப் பெயர் கொடுத்தது.

சைக்கிளிலிருந்து இறங்க மறுத்தவர்கள்

1941இல் சிலாங்கூரின் கிள்ளான் வட்டாரத் தோட்டங்களில் வேலைநிறுத்தம் வெடித்தது. அவ்வாண்டின் தொடக்கத்தில் தமிழ் ஆடவரின் நாட்கூலி 50 காசு அளவில் இருந்தது. அதே வேலைக்குச் சீனர் கூடுதலாகப் பெற்றனர். தமிழ் நேசனில் பணியாற்றிய ஆர்.எச். நாதன் வழிகாட்ட, கிள்ளான் மாவட்ட இந்தியர் சங்கம் கோரிக்கைகளை முன்வைத்தது.

அப்பட்டியல் நம் சமூக வரலாற்றின் முதன்மையான ஆவணங்களுள் ஒன்று. சீனத் தொழிலாளருக்கு இணையான ஊதியம், குழந்தைகளுக்கு முறையான கல்வி, மருத்துவ வசதி, கள்ளுக்கடைகளை மூடுதல், சங்கம் அமைக்கும் உரிமை ஆகியவை அதில் இருந்தன. கொடுமை செய்த மேலாளர்களை நீக்கித் தமிழறிந்தோரை அமர்த்த வேண்டும் என்பதும், பெண்களிடம் தகாதமுறையில் நடப்பதை நிறுத்த வேண்டும் என்பதும் இருந்தன. இவற்றோடு மேலும் ஒன்று: துரைமார் எதிர்ப்பட்டால் தொழிலாளர் சைக்கிளை விட்டு இறங்க வேண்டியதில்லை.

பொருளாதார நோக்கில் இக்கடைசிக் கோரிக்கை ஒரு காசும் பெறாது. ஆயினும் அதுவே ஏனையவற்றுக்கு ஆணிவேர் என்று நான் கருதுகிறேன். 50 காசை 60 காசாக்கக் கேட்பவன் நல்ல கூலியாக இருக்கலாம். சைக்கிளில் அமர்ந்தபடியே துரையைக் கடந்து செல்லக் கேட்பவன் தன்னைக் கூலியாக எண்ணுவதை நிறுத்திவிட்டான். ஆட்சி அதை நன்கு உணர்ந்தது. மே மாதத்தில் நாதன் கைதானார், பின்னர் நாடுகடத்தப்பட்டார். போராட்டம் பரவவே சிலாங்கூரில் அவசரநிலை அறிவிக்கப்பட்டுப் படையினர் வரவழைக்கப்பட்டனர். துப்பாக்கிச்சூட்டில் ஐவர் மாண்டனர்.

சங்கம் என்னும் சொல்லின் புதுப்பொருள்

போர் வந்தது. சயாம் மரண இரயில்பாதை பல்லாயிரம் தோட்டத் தமிழரை விழுங்கியது. மறுபுறம் 1943இல் இந்திய தேசிய இராணுவத்தின் ஜான்சி ராணிப் படையில், லயத்துப் பெண்கள் துப்பாக்கி ஏந்தி அணிவகுத்தனர். பெரட்டில் தலைகுனிந்து நின்றவர்கள் தலைநிமிர்ந்து நின்ற அணிவகுப்பு அது.

போருக்குப் பின் அகில மலாயாத் தொழிற்சங்கச் சம்மேளனம் வலுப்பெற்றது. தஞ்சைப் பகுதியில் பிறந்த எஸ்.ஏ. கணபதி அதன் தலைவரானார். 1948 சூனில் அவசரகாலம் பிறந்தபோது அவ்வமைப்பு தடைசெய்யப்பட்டிருந்தது. கைத்துப்பாக்கி வைத்திருந்த குற்றத்திற்காக 1949 மே 4ஆம் நாள் புடு சிறையில் கணபதி தூக்கிலிடப்பட்டார். அதற்கு முந்தைய நாள் அவருடைய தோழர் வீரசேனன் சுட்டுக் கொல்லப்பட்டார். அவர்களுடைய அரசியலை ஏற்போரும் மறுப்போரும் இன்றும் உளர். தொழிலாளி என்னும் சொல்லுக்கு அவ்வளவு பெரிய விலை கொடுக்கப்பட்டது என்பதை மட்டும் எவரும் மறுக்க இயலாது.

பின்னர் மிதமான பாதைகள் திறந்தன. 1954இல் பல சங்கங்கள் இணைந்து தேசியத் தோட்டத் தொழிலாளர் சங்கம் உருவாயிற்று, பி.பி. நாராயணன் அதை வழிநடத்தினார். வெளிநாட்டு நிறுவனங்கள் தோட்டங்களைத் துண்டாடி விற்கத் தொடங்கியபோது, 1960இல் துன் வீ.தி. சம்பந்தன் தேசிய நிலநிதிக் கூட்டுறவுச் சங்கத்தை நிறுவினார். மாதம் 10 வெள்ளி வீதம் தொழிலாளரே சேர்த்த பணம் தோட்டங்களை வாங்கியது. முதலாவது கெடாவின் புக்கிட் சீடிம். மரம் சீவியவனே மரத்தில் பங்குடையவன் ஆதல் வேண்டும் என்னும் சமதர்மக் கருத்து அங்கே கூட்டுறவு வடிவம் பெற்றது.

நம் ஜாசின் மாவட்டமும் ஒதுங்கியிருக்கவில்லை. 1967இல் புக்கிட் அசாகான் தோட்டத் தொழிலாளர் தம் குறைகளை அரசிடம் முறையிட, மலாக்காவிலிருந்து கோலாலம்பூர்வரை கால்நடையாகவே சென்றனர். மலாயா ரப்பரின் தொட்டிலாகிய மாநிலத்தில், எழுபது ஆண்டுகளுக்குப் பின் நிகழ்ந்த அந்நடைப்பயணத்தை நம் பிள்ளைகள் அறிந்திருக்க வேண்டும். அன்று நான் சிறுவன். பெரியவர்கள் அதைப் பற்றித் தாழ்ந்த குரலில் பேசியது நினைவிருக்கிறது. தாத்தா எதுவும் சொல்லாமல் கேட்டுக்கொண்டிருந்தார்.

நம் கணக்கும் உண்டு

நீதி கேட்டவர்கள் எல்லாரும் எல்லார்க்கும் நீதி வழங்கினர் என்று சொல்லிவிட முடியாது. துரை முன் இறங்க மறுத்தவர்களுள் சிலர், சாதிக்கொரு லயம் என்பதை மாற்ற முன்வரவில்லை. ஆடவர் 50 காசு பெற்ற நாளில் பெண்கள் பெற்றது 40 காசு. அதே நிரையில் அதே எண்ணிக்கை மரங்களைச் சீவி, வீடு திரும்பி அடுப்பும் மூட்டிய அவர்களுடைய உழைப்புக்குச் 'சமையல்', 'பிள்ளை வளர்ப்பு' என்று பெயர் உண்டு. கூலி என்றுகூடப் பெயர் கிடைக்கவில்லை. 2013 சனவரி 1 முதல் தீபகற்பத்தில் 900 ரிங்கிட் குறைந்தபட்ச ஊதியம் சட்டமானபோதும், வீட்டுப் பணியாளர் அதன் வரம்புக்கு வெளியே நிறுத்தப்பட்டனர்.

இன்று நம்மவர் பெரும்பாலும் தோட்டங்களை விட்டு வெளியேறிவிட்டனர். செம்பனைக் குலையை வெட்டிச் சுமப்பவர் இந்தோனேசியரும் வங்காளதேசத்தவரும் ஆவர். கடன்பட்டுக் கடல் கடந்தவர், ஊரில் குடும்பத்தை விட்டு வந்தவர், முகவரை நம்பியவர். நம் பாட்டன்மார் கதையே மீண்டும் நடக்கிறது. அவர்களை நாம் எப்படி அழைக்கிறோம் என்று கவனித்திருக்கிறீர்களா? பெயர் கேட்பதில்லை. நாட்டின் பெயரைப் பாதியாகச் சுருக்கி, அதையே ஆளின் பெயராக்கி, 'நீ' என்று ஏவுகிறோம். ஊதியத்தின் பெயர் நமக்குச் சூட்டப்பட்டது. ஊரின் பெயரை நாம் அவர்களுக்குச் சூட்டுகிறோம்.

அண்மையில் உம்பாய்ச் சாலையில் மழைக்கு ஓரிடத்தில் ஒதுங்கினேன். சைக்கிளில் வந்த வெளிநாட்டு இளைஞர் ஒருவர் என்னைக் கண்டதும், வழி தாராளமாக இருந்தும், இறங்கித் தள்ளிக்கொண்டு கடந்தார். நான் அவருக்கு முதலாளியும் அல்லேன், அதிகாரியும் அல்லேன். நரைத்த தலையும் வெள்ளைச் சட்டையும் போதுமாயிருந்தன. அவரை நிறுத்தி மலாயில் பெயர் கேட்டேன், சொன்னார். "இனி இறங்காதீர்கள்" என்றேன். அவர் சிரித்துவிட்டு, மழையிலேயே வண்டியில் ஏறிச் சென்றார்.